வோங் கார்-வாய் ப்ளூ-ரே பெட்டி: ஏழு வட்டுகளில் ஒரு வாழ்க்கை, மாறிப்போன சில நிறங்களோடு

அமெரிக்காவின் கிரைட்டீரியன் நிறுவனம் 2021 மார்ச்சில் வெளியிட்ட, ஹாங்காங் இயக்குநர் வோங் கார்-வாயின் படங்கள் அடங்கிய 'வேர்ல்ட் ஆஃப் வோங் கார்-வாய்' பெட்டியில் ஏழு ப்ளூ-ரே வட்டுகள் இருக்கின்றன. 1988-இல் வந்த 'ஆஸ் டியர்ஸ் கோ பை' தொடங்கி 2004-இன் '2046' வரை ஏழு முழுநீளப் படங்கள். கூடவே மடிப்புத் தாள்களில் அச்சான ஒரு புகைப்படப் புத்தகமும் ஆறு ஓவிய அச்சுகளும் உண்டு. அச்சிட்ட விலை 199.95 டாலர். ஒரு இயக்குநரின் 16 ஆண்டு உழைப்பு ஒரே கையில் அடங்குகிறது என்ற வகையில் இதற்கு நிகரான தொகுப்பு அரிது. ஆனால் வாங்குகிறவர் ஒன்றைத் தெரிந்துகொண்டுதான் வாங்க வேண்டும். திரையரங்கில் அன்று ஓடிய படங்கள் அப்படியே இதில் இல்லை. இயக்குநரே பல ஆண்டுகள் கழித்து உட்கார்ந்து திருத்திய படங்கள்தான் இருக்கின்றன. நிறம், சட்டகம், எழுத்துரு, ஒலி என ஆங்காங்கே கை வைத்திருக்கிறார். ஒரே ஆற்றில் இருமுறை இறங்க முடியாது என்ற பழைய வாக்கைச் சொல்லி, படங்களும் பழையவை அல்ல, பார்க்கும் நாமும் பழையவர்கள் அல்ல என்று தன் குறிப்பில் அவரே எழுதியும் விட்டார். எதை மறைத்தும் விற்கவில்லை. இருந்தாலும் எந்தப் படத்தில் எவ்வளவு மாற்றம் என்பதைப் படம் படமாகப் பார்த்தால்தான் பணத்துக்கு மதிப்பு புரியும்.

முதலில் பிளேயர். இந்த வட்டுகள் 'ஏ' மண்டலத்துக்குப் பூட்டியவை. அமெரிக்கா, கனடா, ஜப்பான், ஹாங்காங், சிங்கப்பூர், மலேசியா எல்லாம் 'ஏ' மண்டலம். அங்கே கடையில் வாங்கிய சாதாரண பிளேயரே போதும். இந்தியாவும் இலங்கையும் 'சி' மண்டலம். பிரிட்டன், ஐரோப்பா, வளைகுடா, ஆஸ்திரேலியா 'பி' மண்டலம். சென்னையிலோ யாழ்ப்பாணத்திலோ லண்டனிலோ வாங்கிய பிளேயரில் வட்டைப் போட்டால், மண்டலம் பொருந்தவில்லை என்ற ஒரு வரிச் செய்தி திரையில் வந்து நின்றுவிடும். எல்லா மண்டலங்களையும் ஏற்கும் பிளேயர் இருந்தால் மட்டுமே ஆர்டர் போடுங்கள். 4கே அல்ட்ரா எச்டி வட்டுகளுக்கு மண்டலப் பூட்டு கிடையாது. 'இன் த மூட் ஃபார் லவ்' 2022-இல் தனியாக 4கே வட்டாக வந்தது. ஆனால் அந்தப் பொதியில் கூட வரும் ப்ளூ-ரேக்கு இதே பூட்டு உண்டு.

ஷாங்காயில் 1958-இல் பிறந்து, ஐந்து வயதில் ஹாங்காங் வந்து, அங்கே பாலிடெக்னிக்கில் கிராஃபிக் டிசைன் படித்து, டிவிபி தொலைக்காட்சியில் பயிற்சி பெற்று, எண்பதுகள் முழுக்க மற்றவர்களுக்குத் திரைக்கதை எழுதியவர் வோங். முதல் வட்டில் இருக்கும் 'ஆஸ் டியர்ஸ் கோ பை' அந்தத் தொழில்முறை எழுத்தாளர் எடுத்த படம்தான். ரவுடிக் கதை, ஆண்டி லாவ், மேகி சியுங், ஜாக்கி சியுங் என்று நட்சத்திரங்கள், நடுவில் ஒரு பாட்டு. வசூலும் பார்த்தது. பின்னாளில் வரப்போகும் வோங்கை இதில் நீல நியான் வெளிச்சத்திலும், இழுபட்டு மங்கும் சண்டைக் காட்சிகளிலும் மட்டும்தான் பிடிக்க முடியும். இதன் ஒளிப்பதிவாளர் ஆண்ட்ரூ லாவ். ஒலி பழைய ஒற்றைத் தடத்திலேயே இருக்கிறது, அது சரியான முடிவு. ஒருமுறை பார்க்கலாம், அடிக்கடி எடுக்கும் வட்டு இதுவல்ல.

இரண்டாவது வட்டில் கதை வேறு. 1990-இன் 'டேஸ் ஆஃப் பீயிங் வைல்ட்' படத்தில்தான் ஒளிப்பதிவாளர் கிறிஸ்டோபர் டாயில் வோங்கோடு முதலில் சேர்கிறார். முதல் படத்திலிருந்தே கூட இருந்த கலை இயக்குநர் வில்லியம் சாங்கோடு சேர்த்து, அடுத்த பத்தாண்டு ஹாங்காங் சினிமாவின் தோற்றத்தை மாற்றிய மூவர் அணி இங்கே உருவாகிறது. பச்சை படிந்த சுவர்கள், ஈரமான இரவுகள், சுவர்க் கடிகாரம். படம் வசூலில் விழுந்தது, விருதுகளைக் குவித்தது. இரண்டு பாகமாகத் திட்டமிட்டிருந்தார்கள், இரண்டாம் பாகம் எடுக்கப்படவே இல்லை. அதன் மிச்சம் கடைசிக் காட்சியில் இருக்கிறது. தலை நிமிர்த்த முடியாத தாழ்வான கூரை கொண்ட ஓர் அறையில் நடிகர் டோனி லியுங் உட்கார்ந்து நகம் தேய்க்கிறார். எழுந்து கோட்டைப் போடுகிறார். பணம், சீட்டுக்கட்டு என்று ஒவ்வொன்றாகப் பையில் வைக்கிறார். தலையை நிதானமாக வாரி, விளக்கை அணைத்துவிட்டு வெளியே போகிறார். ஒரு சொல் பேசவில்லை, படத்தில் அதுவரை அவர் வரவும் இல்லை. வராத இரண்டாம் பாகத்தின் நாயகன் அவர். இந்தப் பெட்டியை வாங்க ஒரு காரணம் இந்த வட்டில்தான் இருக்கிறது: தொடக்கமும் முடிவும் வேறு விதமாக வெட்டப்பட்ட இன்னொரு பதிப்பு, வீட்டுத் திரைக்கு முதன்முறையாக வந்திருக்கிறது. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால், வெட்டு மேசையில் ஒரு பாத்திரத்தின் கனம் எப்படிக் கூடிக் குறைகிறது என்று கண்ணெதிரே தெரியும்.

'சுங்கிங் எக்ஸ்பிரஸ்' வட்டைப் போடும் முன் தொலைக்காட்சியின் செட்டிங்கைத் திறந்து ஒரு வேலை செய்தாக வேண்டும். இதைச் செய்யாவிட்டால் 200 டாலரும் வீண். 'ஆஷஸ் ஆஃப் டைம்' என்ற பெரிய வாள்சண்டைப் படத்தின் வேலைகளுக்கு நடுவே கிடைத்த இடைவெளியில், 1994-இல் சில வாரங்களில் எடுத்து முடித்த படம் இது. இதன் புகழுக்குப் பாதிக் காரணம் ஸ்டெப் பிரின்டிங் என்ற உத்தி. வழக்கமாக நொடிக்கு 24 ஃப்ரேம் எடுக்கும் கேமராவை 8 அல்லது 12 ஃப்ரேமில் ஓட்டுவார்கள். ஒவ்வொரு ஃப்ரேமும் அதிக நேரம் ஒளி வாங்குவதால் அசைவது எல்லாம் வண்ணக் கோடாக இழுபடும். பிறகு லேபில் அந்த ஒவ்வொரு ஃப்ரேமையும் இரண்டு, மூன்று முறை அச்சிட்டு மறுபடி 24 ஆக்குவார்கள். நேரம் சரியான வேகத்தில் ஓடும், ஆனால் விட்டுவிட்டு ஓடும். சாப்பாட்டுக் கடை வாசலில் டோனி லியுங் காபி குடிக்க, ஃபே வோங் அவரையே பார்த்துக்கொண்டு நிற்க, முன்னால் கூட்டம் மட்டும் நிழலாகப் பறக்கும் காட்சி ஒன்று உண்டு. அதை எடுக்கும்போது அவர்கள் இருவரும் மிக மெதுவாக அசைகிறார்கள். வழிப்போக்கர்கள் இயல்பாக நடக்கிறார்கள். கேமரா குறைந்த வேகத்தில் ஓடுகிறது. அதனால்தான் ஒரே சட்டகத்துக்குள் இரண்டு காலம்.

இன்றைய தொலைக்காட்சிகளில் அசைவை வழுவழுப்பாக்கும் வசதி ஒன்று கடையிலிருந்து வரும்போதே போடப்பட்டிருக்கும். சாம்சங், எல்ஜி, சோனி என்று ஒவ்வொரு நிறுவனமும் ஒவ்வொரு பெயர் வைத்திருக்கிறது. 'மோஷன்' என்ற சொல் அந்தப் பெயரில் பெரும்பாலும் இருக்கும். இரண்டு ஃப்ரேமுக்கு நடுவே இல்லாத ஃப்ரேமைத் தானாக உண்டாக்கி நுழைப்பதுதான் அதன் வேலை. ஸ்டெப் பிரின்டிங் செய்த காட்சியில் ஒரே ஃப்ரேம் மூன்று முறை வருவதை அது தடுமாற்றம் என்று நினைத்துக்கொண்டு நிரப்பப் பார்க்கும். விளைவு, வேண்டுமென்றே வெட்டி வெட்டி ஓடும் படம் பாதி வழுக்கி, பாதி குலுங்கி, விளிம்புகளில் பிசிறடிக்கும். அதை முழுக்க அணைத்துவிடுங்கள். 'ஃபிலிம்மேக்கர் மோட்' இருந்தால் அதையே தேர்ந்தெடுங்கள். பிளேயரில் 24பி, அதாவது நொடிக்கு 24 ஃப்ரேம் வெளியீட்டைப் போட்டுவிடுங்கள். நாய்ஸ் ரிடக்‌ஷன் வேண்டாம். அது ஃபிலிமுக்கே உரிய மணல் போன்ற புள்ளிகளை (கிரெயின்) அழுக்கென்று நினைத்துத் துடைத்துவிடும். நிற வெப்பத்தை 'வார்ம்' பக்கம் வையுங்கள். 'கூல்' இல் இருந்தால் இந்தப் பெட்டியில் ஏற்கெனவே இருக்கும் பச்சையோடு நீலமும் ஏறி முகங்கள் நோயாளி முகங்களாகிவிடும்.

செட்டிங் சரியானால் இந்தப் பெட்டியில் மிகுந்த மகிழ்ச்சி தரும் வட்டு 'சுங்கிங்' தான். மே 1, 1994 என்று காலாவதித் தேதி போட்ட அன்னாசி டப்பாக்களைத் தேடி அலையும் போலீஸ்காரனும், ஹாங்காங்கின் மிட்-லெவல்ஸ் தெரு எஸ்கலேட்டரிலிருந்து எட்டிப் பார்க்கும் வீடும் இவ்வளவு தெளிவாக முன்பு கிடைத்ததில்லை. அந்த வீடு டாயில் அப்போது குடியிருந்த வீடேதான். கிரைட்டீரியன் 2008-இல் வெளியிட்ட பழைய ப்ளூ-ரே அச்சு நின்று, பிறகு பழைய வட்டுச் சந்தையில் அநியாய விலைக்குப் போய்க்கொண்டிருந்தது. அதைத் தேடி அலைந்தவர்களுக்கு இந்தப் பெட்டி பெரிய நிம்மதி. தலைப்பு எழுத்துகளை மாற்றியிருப்பது கண்ணில் படும், படத்தைக் கெடுக்கவில்லை.

'ஃபாலன் ஏஞ்சல்ஸ்' பற்றி அப்படிச் சொல்ல முடியாது. 'சுங்கிங்'கின் மூன்றாவது கதையாகத் தொடங்கித் தனிப்படமாக வளர்ந்தது இது. 1995-இல் திரையில் வந்தபோது சட்டகத்தின் அகலமும் உயரமும் 1.85-க்கு 1. இந்தப் பெட்டியில் 2.39-க்கு 1. படத்தொகுப்பின்போது தற்செயலாக, படத்தை அகலவாக்கில் விரிக்கும் அனமார்ஃபிக் லென்ஸ் வழியே காட்சிகளைப் பார்த்தபோது, அகன்ற வடிவம்தான் இந்தப் படத்துக்கு ஏற்றது என்று தோன்றியதாகவும், அன்று செய்ய முடியாததை இப்போது செய்ததாகவும் வோங் காரணம் சொல்கிறார். ஆசை புரிகிறது. ஆனால் டாயில் இந்தப் படத்தை மிக அகலமான லென்ஸை முகத்துக்குப் பக்கத்திலேயே கொண்டுபோய் எடுத்திருக்கிறார். மூக்கு முன்னுக்கு வரும், அறையின் மூலைகள் ஓடிப்போகும், கைக்கெட்டும் தூரத்தில் இருப்பவர்கள் காத தூரத்தில் தெரிவார்கள். இடிக்கிற கூரையும் குறுகிய நடைவழியும் அந்த உயரத்துக்காக அளந்து வைத்தவை. உயரம் போனதும் அந்த மூச்சுமுட்டல் தளர்கிறது. பழைய வடிவில் ஒரு வட்டு ஏற்கெனவே கையில் இருந்தால் இந்தப் படத்துக்காக அதைக் கொடுத்துவிட வேண்டாம்.

'ஹேப்பி டுகெதர்' வட்டில் நேர்ந்தது வேறு வகை இழப்பு. மூல நெகட்டிவின் ஒரு பகுதி 2019-இல் தீயில் சேதமானது. சில இடங்களில் படம் மட்டுமல்ல, ஒலியும் போயிற்று. அதனால் டோனி லியுங்கின் தனிமொழிகளில் சிலவற்றைச் சுருக்க வேண்டி வந்தது என்று வோங் குறிப்பில் சொல்கிறார். இத்தாலியின் போலோஞ்ஞா நகரில் உள்ள லிம்மாஜினே ரித்ரொவாத்தா லேப் மீட்டது போக மீதம்தான் நமக்குக் கிடைப்பது. முன்பு பார்க்காதவருக்கு எங்கே குறைந்தது என்று தெரியாது. நன்கு தெரிந்தவருக்கு அந்தக் குரல் சட்டென்று நிற்கும் இடத்தில் மனம் தடுக்கும். ஆனாலும் இது வாங்க வேண்டிய வட்டுதான். ஹாங்காங் சீனாவிடம் திரும்பக் கொடுக்கப்படுவதற்குச் சில வாரங்கள் முன்பு, 1997 மே மாதத்தில், பிரான்ஸின் கான் திரைப்பட விழாவில் வோங்குக்குச் சிறந்த இயக்குநர் விருது வாங்கிக் கொடுத்த படம். பாஸ்போர்ட்டில் முத்திரை குத்துவதில் தொடங்கி, தொலைக்காட்சியில் சீனத் தலைவர் டெங் சியாவோபிங் மறைவுச் செய்தி ஓடுவது வரை, ஒரு ஊரின் கவலை இரண்டு காதலர்களின் சண்டைக்குப் பின்னால் நிற்கிறது. கருப்பு வெள்ளைப் பகுதிகள் அற்புதமாக வந்திருக்கின்றன. கூடவே இருக்கும் 'புவெனோஸ் ஐரிஸ் ஸீரோ டிகிரி' ஆவணப்படத்தை விட்டுவிடாதீர்கள். ஷர்லி குவான் நடித்து, முழுதாக வெட்டி எறியப்பட்ட ஒரு கிளைக்கதை அதில் இருக்கிறது. வோங் எப்படி வேலை செய்கிறார் என்பதற்கு அதைவிடத் தெளிவான சான்று இல்லை: முடிந்த திரைக்கதை இல்லாமல் எடுத்துக்கொண்டே போவது, படம் எதுவென்று வெட்டும்போது கண்டுபிடிப்பது.

இனி 'இன் த மூட் ஃபார் லவ்'. பலரும் பெட்டியையே இதற்காகத்தான் வாங்குகிறார்கள். விவாதமும் இதைச் சுற்றித்தான். 15 மாதம் நீண்ட படப்பிடிப்பு, 1962-இன் ஹாங்காங்கைக் காட்டப் பெரும்பகுதி பாங்காக்கின் பழைய தெருக்கள், டாயில் பாதியில் விலக மார்க் லீ பிங்-பிங் தொடர்ந்த ஒளிப்பதிவு. 2000-இல் கான் விழாவில் டோனி லியுங்குக்குச் சிறந்த நடிகர் விருதும், டாயில், லீ, வில்லியம் சாங் மூவருக்கும் தொழில்நுட்பப் பரிசும் கிடைத்தன. 2022-இல் பிரிட்டனின் 'சைட் அண்ட் சவுண்ட்' சினிமா இதழின் வாக்கெடுப்பில் உலகின் சிறந்த படங்களில் ஐந்தாம் இடம்.

கிரைட்டீரியனே 2012-இல் இதைத் தனி ப்ளூ-ரேயாக வெளியிட்டது. அந்த வட்டையும் இந்த வட்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வேறுபாடு சட்டென்று தெரியும். ஹோட்டல் நடைவழியில் சிவப்புத் திரைச்சீலைகள் காற்றில் அசைய மேகி சியுங் நடந்து வரும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். பழையதில் அந்தச் சிவப்பு அடுப்புத் தணல் போல் ஒளிர்கிறது, அவர் கோட்டின் சிவப்பு அதிலிருந்து பிரிந்து நிற்கிறது. புதியதில் அதன் மேல் மஞ்சள் கலந்த பச்சை ஒரு மெல்லிய துணியாகப் போர்த்தப்பட்டிருக்கிறது. சிவப்பு ஆழமாகிறது, ஒளிர்வதில்லை. நூடுல்ஸ் கடைக்கு இறங்கும் படிக்கட்டுக் காட்சியில் இதே பச்சை நன்றாக வேலை செய்கிறது. ஈரச் சுவரும் மங்கிய தெருவிளக்கும் கூடுதல் கனம் பெறுகின்றன. துணியின் நெசவும் சுவர்க்காகிதத்தின் பூவும் புதியதில்தான் கூர்மை. விவரம் புதியதில், சூடு பழையதில். ஒன்றைத்தான் வைத்துக்கொள்ளலாம் என்றால் பழைய 2012 வட்டைத்தான் வைத்துக்கொள்ளச் சொல்வோம். மேகி சியுங்கின் ஆடை மாறுவதை வைத்துத்தான் இந்தப் படத்தில் நாள் நகர்வதையே கணக்கிட முடியும். இருபதுக்கும் மேற்பட்ட சியோங்சாம்கள், அதாவது உடலோடு ஒட்டிய சீன உடைகள். நிறங்கள் ஒன்றிலிருந்து ஒன்று பிரிந்து தெரிய வேண்டியது இதில் கதைக்கே தேவை.

நீக்கப்பட்ட காட்சிகள் இந்த வட்டிலும் உண்டு. 2046 எண் அறைக்குள் நடப்பதும், எழுபதுகளில் இருவர் கதையும் எங்கே போயிருக்கும் என்பதும் அவற்றில் இருக்கின்றன. வோங் எதையெல்லாம் விட்டுக்கொடுத்து அந்த மௌனத்தைப் பெற்றார் என்று அவற்றைப் பார்த்தால் புரியும். படத்தை முழுதாக இரண்டு முறையாவது பார்த்த பிறகு பாருங்கள். முதலில் பார்த்துவிட்டால், படம் சொல்லாமல் விட்டதையெல்லாம் மனம் தானே நிரப்பிக்கொள்ளும். இரண்டரை நிமிடக் குறும்படமான 'ஹுவா யாங் த நியன் ஹுவா'வும் பெட்டியில் உண்டு. கலிஃபோர்னியாவில் ஒரு கிடங்கில் கிடைத்த பழைய சீனப் படங்களின் துண்டுகளைக் கோத்தது. 'இன் த மூட்' படத்தில் வானொலியில் ஒலிக்கும் பாடகி சோ ஷுவானின் பாட்டு எந்த உலகத்திலிருந்து வருகிறது என்பது இதில் முகங்களாகவே தெரியும்.

'2046' நான்கைந்து ஆண்டு இழுத்த வேலை. 2004-இல் கான் விழாவுக்குப் பிரதி தாமதமாக வந்து காட்சி நேரத்தையே மாற்றினார்கள். தலைப்பின் எண், 1997-க்குப் பிறகு ஐம்பது ஆண்டு எதுவும் மாறாது என்று ஹாங்காங்குக்குச் சீனா கொடுத்த வாக்கின் கடைசி ஆண்டு. படமும் வட்டும் நல்ல நிலையில் இருக்கின்றன. சப்டைட்டிலோடு பார்க்கும் நாம் காதைக் கொஞ்சம் தீட்டிக்கொண்டால் இன்னொரு அடுக்கு திறக்கும். டோனி லியுங் கேன்டனீஸில் பேச, சாங் ஸியீ மாண்டரினில் பதில் சொல்ல, கிமுரா டகுயா ஜப்பானிய மொழியில் பேசுகிறார். யாரும் யாருக்கும் மொழிபெயர்ப்பதில்லை. 'இன் த மூட்' படத்தில் வீட்டுக்கார அம்மா ஷாங்காய் மொழியில் பேசுவதும் இப்படித்தான். ஊர் விட்டு வந்தவர்களின் வீடு அது என்று அந்தப் பேச்சே சொல்லிவிடுகிறது. சப்டைட்டில் எல்லாவற்றையும் ஒரே ஆங்கிலமாகத் தட்டையாக்குவதால் இதைத் தெரிந்தே கேட்க வேண்டும்.

சேர்க்கையில் பெரிய பரிசு 'த ஹேண்ட்'. மூன்று இயக்குநர்கள் சேர்ந்து செய்த 'ஈரோஸ்' தொகுப்பில் குறும்படமாக வந்தது. இங்கே 56 நிமிட நீண்ட பதிப்பு. ஒரு தையல்காரன், அவன் அளவெடுக்கும் ஒரு பெண்; காங் லியும் சாங் செனும். துணியைத் தொடும் கையை மட்டும் வைத்து இவ்வளவு சொல்ல முடியுமா என்று வியக்க வைக்கும்.

ஐந்து படங்களுக்கு 5.1 ஒலி. தனி ஸ்பீக்கர்கள் இல்லாமல் தொலைக்காட்சியின் இரண்டு ஸ்பீக்கரில் கேட்பவர்கள் பிளேயரில் ஸ்டீரியோ டவுன்மிக்ஸைப் போட்டுவிடுங்கள். இல்லையென்றால் நடு ஸ்பீக்கருக்கான வசனம் அமுங்கி, இசை மட்டும் மேலே நிற்கும்.

இது முழு வாழ்க்கைத் தொகுப்பும் அல்ல. 'ஆஷஸ் ஆஃப் டைம்' இல்லை, அதன் 2008 மறுவெட்டும் இல்லை. நோரா ஜோன்ஸ் நடித்த 'மை புளூபெர்ரி நைட்ஸ்' இல்லை. 2013-இன் 'த கிராண்ட்மாஸ்டர்' இல்லை. குங்ஃபூ ஆசான் இப் மானின் கதையான அதைத் தனியாக வாங்குபவர்கள் நேரத்தைப் பார்த்து வாங்குங்கள்: சீனப் பதிப்பு 130 நிமிடம், அமெரிக்கப் பதிப்பு 108. அமெரிக்கப் பதிப்பில் காட்சிகளின் வரிசையே மாறியிருக்கிறது, இடையிடையே விளக்க எழுத்துகளும் நுழைக்கப்பட்டிருக்கின்றன. 130 நிமிடப் பதிப்புதான் வேண்டியது. 2023 டிசம்பரில் தொடங்கிய 30 பகுதித் தொலைக்காட்சித் தொடரான 'பிளாஸம்ஸ் ஷாங்காய்'யும் இதற்கு வெளியேதான்.

முழு விலை கொடுக்க அவசியம் இல்லை. கிரைட்டீரியன் வட்டுகளுக்கு ஆண்டில் சில முறை பாதி விலைத் தள்ளுபடி வருகிறது; அமெரிக்காவின் பார்ன்ஸ் அண்ட் நோபிள் கடையில் ஜூலையிலும் நவம்பரிலும் வழக்கம். பெட்டி கனமானது என்பதால் அஞ்சல் செலவும் சுங்கமும் சேர்த்துக் கணக்குப் போட்டுவிட்டு முடிவெடுங்கள்.

பார்க்கும் வரிசைக்கு ஒரு யோசனை. வெளிவந்த ஆண்டு வரிசையில் போகாமல் 'சுங்கிங்'கில் தொடங்குங்கள். அதுதான் எளிதாகக் கையைப் பிடித்து உள்ளே அழைத்துப் போகும். அடுத்து 'ஹேப்பி டுகெதர்'. பிறகு 'டேஸ் ஆஃப் பீயிங் வைல்ட்', 'இன் த மூட்', '2046' மூன்றையும் இடைவெளி அதிகம் விடாமல் அடுத்தடுத்து. மூன்றிலும் சூ லி-சென் என்ற பெயர் வருகிறது: முதல் இரண்டில் மேகி சியுங், மூன்றாவதில் அதே பெயரோடு வேறொரு பெண்ணாகக் காங் லி. கரீனா லாவின் லூலுவும் பதினான்கு ஆண்டு கழித்து '2046'-இல் திரும்பி வருகிறாள். '2046' முடிந்ததும் இரண்டாவது வட்டை மறுபடி போட்டு, அந்தத் தாழ்ந்த கூரை அறையில் டோனி லியுங் தலைவாரும் கடைசிக் காட்சியை மட்டும் இன்னொரு முறை பாருங்கள்.